வராத ஊழியரும் நீதிமன்றம் படிக்கும் கோப்பும்

அரசு ஊழியர் ஒருவர் லீவு சொல்லாமல் மாதக்கணக்கில் வேலைக்கு வரவில்லை. துறை அவரை நீக்குகிறது. அவர் நீதிமன்றம் போகிறார். சில ஆண்டு கழித்து, பாதிச் சம்பளத்தோடு மீண்டும் பணியில் சேர்க்கும்படி உத்தரவு வருகிறது. இப்படி ஒரு செய்தியைப் பேப்பரில் படித்தால் யாருக்கும் எரிச்சல்தான் வரும். படித்த இளைஞர்கள் வேலைக்குக் காத்திருக்கும் நாட்டில், கிடைத்த வேலைக்கு வராதவருக்கு நீதிமன்றம் குடை பிடிக்கிறதே என்று தோன்றும். அந்த எரிச்சலை நான் குறை சொல்லவில்லை. ஆனால் அது போய்ச் சேரவேண்டிய முகவரி வேறு என்பதே இன்று நான் சொல்ல வந்தது. இத்தகைய வழக்குகளில் பெரும்பாலும் துறை தோற்கக் காரணம், வராமல் இருந்தது சரி என்று நீதிபதி நினைப்பதல்ல. "நீங்கள் ஏன் வரவில்லை?" என்று முறையாகக் கேட்டு, வந்த பதிலை எடைபோட்டு, ஏற்றோம் அல்லது ஏற்கவில்லை என்று காரணத்தோடு எழுதிய தாள் கோப்பில் இருக்காது. நீதிமன்றத்தின் முன் வந்து நிற்பது ஊழியரை விட அந்தக் கோப்புதான்.

கேட்காமலே முடித்துவிடும் வழி ஒன்றை நம் நிர்வாகம் நெடுங்காலம் நம்பியிருந்தது. இத்தனை நாள் வராவிட்டால் வேலை தானாகவே போய்விடும் என்று விதியில் ஒரு வரி எழுதிவிடுவது. நாங்கள் நீக்கவில்லை, அவராகவே போய்விட்டார் என்று சொல்லிக்கொள்ளலாம். இந்த வாதம் ஒரு காலத்தில் நீதிமன்றத்திலும் எடுபட்டது. சென்னையின் பக்கிங்ஹாம் அண்ட் கர்னாடிக் மில், நம் ஊர்ப் பேச்சில் பி அண்ட் சி மில், அதன் நிலையாணைப்படி, அதாவது ஆலையின் பணிவிதிப்படி, தொடர்ந்து 8 வேலைநாள் விடுப்பின்றி வராத தொழிலாளி வேலையை விட்டுவிட்டதாகக் கருதப்படுவார். ஒரு தொழிலாளி உடல்நலமில்லை என்று மருத்துவச் சான்று கொடுத்தார். நோய்க் காலத்தில் தொழிலாளியை நீக்கக் கூடாது என்கிற இ.எஸ்.ஐ. சட்டத்தையும் காட்டினார். 1963-ல் நீதிபதி கஜேந்திரகட்கர் எழுதிய உச்ச நீதிமன்றத் தீர்ப்பு, நிலையாணை தானாக வேலை செய்தது, முதலாளி நீக்கவில்லை, ஆகவே அந்தத் தடை இங்கே பொருந்தாது என்றது. தனியார் ஆலையின் வழக்குதான். ஆனால் 'தானாகப் போன வேலை' என்ற கருத்துக்கு இதைவிடப் பலமான ஆதாரம் பிறகு கிடைக்கவில்லை.

அரசு ஊழியர் விஷயத்தில் அந்தக் கருத்து சீக்கிரமே உடைந்தது. ஜோத்பூர் மத்தியச் சிறையில் தலைமைக் காவலராக இருந்த ஒருவர் 1950 ஏப்ரலில் இரண்டு மாத விடுப்பில் போனார். விடுப்பு முடியும் நேரத்தில் உடல்நிலையைச் சொல்லி நீட்டிப்புக் கேட்டார், மறுபடியும் கேட்டார், மருத்துவமனைக்கும் போனார். நவம்பரில் அவருக்கு வந்த கடிதம், ஆகஸ்டிலிருந்தே அவர் பணியில் இல்லை என்றது. விடுப்பு முடிந்து ஒரு மாதத்துக்கு மேல் வராதவர் தம் பதவியைத் 'தியாகம் செய்தவர்' ஆவார் என்று ஜோத்பூர் பணிவிதியில் இருந்தது. நோயில் கிடப்பவரைத் தியாகி ஆக்கும் விதி! அவர் வழக்குக்கு உச்ச நீதிமன்றத்தில் விடை கிடைக்கப் பதினைந்து ஆண்டு ஆனது. நீதிபதி ஹிதாயத்துல்லா எழுதிய அந்தத் தீர்ப்பின் தர்க்கம் மிக எளியது. ஊழியர் திரும்பி வர விரும்புகிறார், அரசு அவரைச் சேர்த்துக்கொள்ள மறுக்கிறது. இதை எந்தப் பெயரிட்டு அழைத்தாலும் பணிநீக்கம்தான். பணிநீக்கம் என்றால் அரசியல் சாசனத்தின் 311-வது பிரிவு கேட்கும் வாய்ப்பை அவருக்குக் கொடுத்தாக வேண்டும். 1971-ல் பீகார் கல்வித் துறை வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு இதையே மேலும் விரித்தது. அங்கே விதி ஒரு மாதமல்ல, ஐந்தாண்டு. ஐந்தாண்டு வராதவர் தானாக அரசுப் பணியிலிருந்து நீங்குவார் என்பது பீகார் பணிவிதித் தொகுப்பு. அதற்கும் விசாரணை வேண்டும் என்றது நீதிமன்றம். அதே தீர்ப்புதான் ஓய்வூதியம் அரசு போடும் பிச்சை அல்ல, ஊழியரின் சொத்துரிமை என்றும் சொன்னது. இரண்டும் ஒரே வழக்கில் வந்தது தற்செயலல்ல. வேலை 'தானாக' போனால் முப்பதாண்டு உழைப்பின் ஓய்வூதியமும் கூடவே தானாகப் போய்விடும். கேள்வி கேட்காமல் எடுக்கப்படுவது எவ்வளவு பெரியது என்பதை நீதிபதிகள் பார்த்துவிட்டார்கள்.

1993-ல் இந்தக் கொள்கை தனியார் ஆலைக்கும் போனது. 8 நாள் வராமைக்குத் தானாக வேலை போகும் என்ற நிலையாணையை, உயிர்வாழும் உரிமையையும் சமத்துவத்தையும் காட்டி, விசாரணையில்லாமல் செல்லாது என்றது உச்ச நீதிமன்றம். இதைக் கேட்டவுடன், அப்படியானால் ஊர் விட்டு ஊர் போய் ஒளிந்துகொண்டவரை எப்படித்தான் விசாரிப்பது என்று கேட்பீர்கள். சட்டம் இதற்கு நடைமுறைப் பதில் வைத்திருக்கிறது. அதைப் பார்க்க ஒரு தபால் உறையைக் கையில் எடுத்தால் போதும். 1998-ல் முடிந்த ஒரு வழக்கில், மத்திய அரசு ஊழியருக்குப் பதிவுத்தபாலில் போன குற்றச்சாட்டுக் குறிப்பாணை 'ஆள் இல்லை' என்ற குறிப்போடு திரும்பி வந்தது. துறை அதையே சேர்ப்பித்ததாக எடுத்துக்கொண்டு மேலே போனது. செல்லாது என்றது நீதிமன்றம். 2000-ல் முடிந்த சிண்டிகேட் வங்கி வழக்கிலும் உறை திரும்பித்தான் வந்தது. ஆனால் அதன்மேல் தபால்காரர் எழுதியிருந்தது 'வாங்க மறுத்தார்' என்பது. அங்கே வங்கி ஜெயித்தது. 90 நாள் வராதவருக்கு 30 நாள் அவகாசம் கொடுத்து நோட்டீஸ் அனுப்ப வேண்டும், பதில் இல்லையென்றால் அவர் தாமாக ஓய்வு பெற்றதாகக் கொள்ளலாம் என்ற இருதரப்பு ஒப்பந்தத்தை நீதிமன்றம் ஏற்றது. உறைமேல் இருக்கும் இரண்டு சொல்லில் ஒரு வழக்கின் தலைவிதி மாறுகிறது. இதைத் தொழில்நுட்ப வாதம் என்று சிரித்துக் கடக்கலாம். ஆனால் முதலாமவரிடம் கேள்வி போய்ச் சேரவே இல்லை. இரண்டாமவர் கேள்வி வாசலுக்கு வந்ததும் கதவைச் சாத்தினார். இந்த இருவரையும் ஒரே தராசில் நிறுத்தாத சட்டத்தை நான் குறை சொல்ல மாட்டேன்.

கேள்வி போய்ச் சேர்ந்தது, பதிலும் வந்தது. அடுத்து என்ன? இங்கேதான் 2012 பிப்ரவரித் தீர்ப்பு முக்கியமாகிறது. மத்திய உளவுப் பிரிவின் குஜராத் அலுவலக ஊழியர் ஒருவர் வேலைக்கு வரவில்லை என்று 1996-ல் நடவடிக்கை தொடங்கியது. தம்மை வருகைப் பதிவேட்டில் கையெழுத்துப் போடவிடாமல் அதிகாரி தடுத்தார் என்பது அவர் வாதம். விசாரணை அதிகாரி, பதிவேட்டில் கையெழுத்து இல்லை, ஆகவே வரவில்லை, ஆகவே குற்றம் நிரூபணம் என்று முடித்துவிட்டார். உச்ச நீதிமன்றம் சொன்னது: வராமை வேறு, வேண்டுமென்றே வராமை வேறு. நோய், விபத்து, மருத்துவமனை என்று மனிதர் கட்டுப்பாட்டை மீறிய காரணங்கள் இருக்கக்கூடும். காரணத்தைத் தீர்மானிக்காமல் 'கடமையில் பற்றின்மை' என்ற குற்றம் எழாது. வேண்டுமென்றேதான் வரவில்லை என்பதை நிரூபிக்கும் சுமை துறையின் தலையில். அவர் ஏற்கெனவே பட்ட பாடு போதும் என்று, வழக்கை மறு விசாரணைக்கு அனுப்பாமல், பாதிச் சம்பள நிலுவையோடு பணியில் சேர்க்க உத்தரவிட்டது. தொடக்கத்தில் சொன்ன எரிச்சலூட்டும் செய்தி இதுதான். பதினாறு ஆண்டுச் செலவு. நம் அலுவலகங்களில் 'பதினேழு பி' என்று பயத்தோடு சொல்லப்படும் குறிப்பாணையை, அதாவது 1955-ஆம் ஆண்டு ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு விதிகளின்கீழ் பெருந்தண்டனைக்கான குற்றச்சாட்டை, தயாரிப்பவர்கள் இந்தத் தீர்ப்பை மேசைமேல் வைத்துக்கொண்டு எழுதினால், பாதி வழக்கு பிறக்காமலே போகும்.

காரணம் கேட்பது ஏன் வெறும் சடங்கல்ல என்பதற்கு 2008-ல் முடிந்த பஞ்சாப் மின்வாரிய வழக்கைவிட வலுவான சான்று எனக்குத் தெரியவில்லை. வாரியத்தின் கடைநிலை ஊழியர் ஒருவர் முழுப் பார்வையையும் இழந்தார். வேலைக்கு வரவில்லை என்று அவர்மேல் நடவடிக்கை எடுக்கும் பேச்சு எழுந்தது. பயந்துபோனவர், தம்மை ஓய்வில் அனுப்பி மனைவிக்கு வேலை கொடுங்கள் என்று கடிதம் எழுதினார். வாரியம் கடிதத்தின் முதல் பாதியை மட்டும் ஏற்றுக்கொண்டது. பணிக்காலத்தில் ஊனமடைந்தவரைப் பணியிலிருந்து அனுப்பக் கூடாது என்று 1995-ஆம் ஆண்டுச் சட்டம் ஏற்கெனவே இருந்தது. அவருக்கு அந்த உரிமை இருப்பதை எடுத்துச் சொல்ல வேண்டியவர்களே மேலதிகாரிகள்தாம் என்று கண்டித்து, நீதிமன்றம் அவரைப் பணியில் வைத்தது. கண் தெரியாத ஒருவர் வராததை 'வராமை' என்று மட்டும் பதிவேட்டில் படித்த அலுவலகம் எங்கே போய் நிற்கும் என்பதற்கு இதுவே உதாரணம். மனநலம் இதைவிடச் சிக்கல். அங்கே சம்பந்தப்பட்டவரே தம் காரணத்தைச் சொல்ல முடியாத நிலையில் இருக்கலாம். மத்திய ரிசர்வ் போலீஸ் படை அதிகாரி ஒருவரின் வழக்கில் 2021-ல் உச்ச நீதிமன்றம், ஒருவரின் நடத்தைக்கு மனநலக் குறைபாடு காரணங்களில் ஒன்றாக இருந்தாலே அவர்மேல் ஒழுங்கு நடவடிக்கை எடுப்பது பாகுபாடாகலாம் என்றது. பலநாள் சொல்லாமல் கொள்ளாமல் வராத ஊழியரின் கோப்பில், மெடிக்கல் போர்டுக்கு அனுப்பினோமா என்ற கேள்வி முதல் பக்கத்திலேயே இருக்க வேண்டியதற்கு இதைவிட வேறு காரணம் வேண்டாம்.

எதிர்வாதங்களுக்கு வருகிறேன். முதலாவது, காரணம் பட்டவர்த்தனமாகத் தெரியும்போது கேட்பது எதற்கு என்பது. வெளிநாட்டில் இரட்டைச் சம்பளத்துக்குப் போனவரிடம் காரணம் கேட்டு என்ன ஆகப்போகிறது? இந்த வாதத்தில் உண்மை இருக்கிறது, நீதிமன்றமும் அதை ஒப்புக்கொண்டிருக்கிறது. அலிகார் முஸ்லிம் பல்கலைக்கழக ஊழியர் ஒருவர் விடுப்பில் லிபியா போனார். நீட்டிப்புக் கொடுத்த பல்கலைக்கழகம், இதற்குமேல் கிடையாது என்று எச்சரித்தது. அவர் வரவில்லை. மேற்கொண்டு நோட்டீஸ் கொடுக்காமலே பதவி காலியானதாக அறிவித்தார்கள். 2000-ல் உச்ச நீதிமன்றம், மறுக்கப்படாத உண்மைகளிலிருந்து ஒரே முடிவுதான் வரமுடியும் என்றால், நோட்டீஸ் கொடுத்திருந்தாலும் முடிவு மாறியிருக்காது என்று பல்கலைக்கழகத்தின் பக்கம் நின்றது. ஆனால் இதை விதிவிலக்காகவே படிக்க வேண்டும். அங்கே எச்சரிக்கைக் கடிதம் ஏற்கெனவே கோப்பில் இருந்தது. அந்த எச்சரிக்கையும் இல்லாமல், 'அவர் துபாயில் இருப்பதாகக் கேள்வி' என்ற அலுவலகப் பேச்சை மட்டும் நம்பி இந்தத் தீர்ப்பின் நிழலில் ஒதுங்க முடியாது.

இரண்டாவது எதிர்வாதம் கனமானது. வாத்தியார் வராத பள்ளியிலும், டாக்டர் வராத ஆரம்ப சுகாதார நிலையத்திலும் அடிபடுவது ஏழைகள். அவர்களுக்கு எந்த 311-வது பிரிவும் இல்லை. நீதிமன்றப் பாதுகாப்புதான் இந்த ஊழியர்களுக்குத் தைரியம் கொடுக்கிறது என்கிறார்கள். பாதிப்பு உண்மை. 2003-ல் இந்திய அரசுத் தொடக்கப் பள்ளிகளுக்கு முன்னறிவிப்பின்றிப் போய் எடுத்த கணக்கில், நூற்றுக்கு 25 ஆசிரியர்கள் பள்ளியில் இல்லை. பொருளாதார அறிஞர்கள் மைக்கேல் கிரெமர், கார்த்திக் முரளிதரன் உள்ளிட்டோர் செய்த ஆய்வு அது. மகாராஷ்டிரத்தில் 15 சதவீதம், ஜார்க்கண்டில் 42. இவர்களில் எல்லோரும் அனுமதியில்லாமல் போனவர்கள் அல்லர். ஆனால் அதே ஆய்வில் பலர் கவனிக்காத இன்னொரு செய்தி உண்டு. கேட்கப்பட்ட ஏறக்குறைய 3,000 அரசுப் பள்ளித் தலைமை ஆசிரியர்களில், தொடர்ந்து வராமைக்காக ஓர் ஆசிரியர் நீக்கப்பட்டதாகச் சொன்னவர் ஒரே ஒருவர். நீக்கிய ஆயிரம் பேரை நீதிமன்றம் திருப்பி அனுப்பியிருந்தால் நீதிமன்றத்தின்மேல் பழி போடலாம். இங்கே கோப்பே திறக்கப்படவில்லை. தலைமை ஆசிரியர் பதிவேட்டில் கட்டத்தைக் காலியாக விட்டுவைக்கிறார், மறுநாள் வந்தவர் அதில் கையெழுத்துப் போட்டுக்கொள்கிறார். இந்தக் காலிக் கட்டத்தை எந்த ரிட் மனுவும் உண்டாக்கவில்லை. ஒரு மாத வராமைக்கு ஒரு மெமோ போகாத இடத்தில்தான், ஐந்தாண்டு வராமைக்கு ஒரே நாளில் பணிநீக்கம் நடக்கிறது. அதுதான் நீதிமன்றத்தில் விழுகிறது.

நீதிமன்றம் எப்போதும் ஊழியர் பக்கமே சாய்கிறது என்பதும் கணக்குக்கு ஒத்துவராது. சீருடைப் பணிகளில் அனுமதியற்ற வராமைக்கு நீக்கப்பட்டவர்களின் வழக்குகளில் உச்ச நீதிமன்றம் பெரும்பாலும் கறாராகவே இருந்திருக்கிறது. சீருடை இல்லாத பணிக்கு நம் ஊர் வழக்கையே எடுத்துக்கொள்ளுங்கள். சென்னைக் குடிநீர் வாரியத்தின் இளநிலைப் பொறியாளர் 1995 ஆகஸ்டிலிருந்து ஒன்றரை ஆண்டுக்கு மேல் வரவில்லை. வாரியம் அவருக்குத் திரும்பத் திரும்ப எழுதியது, விசாரித்தது, பணியிலிருந்து நீக்கியது. தண்டனை அதிகம் என்று உயர் நீதிமன்றம் கருதியது. 2014-ல் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்து வாரியத்தின் உத்தரவை நிலைநிறுத்தியது. 2012-ஆம் ஆண்டுத் தீர்ப்பு இங்கே பொருந்தாது என்றும் சொன்னது. இரண்டு தீர்ப்பும் முரண் என்று சில வழக்கறிஞர்கள் சொல்வதுண்டு. எனக்கு அப்படித் தெரியவில்லை. ஒன்றில் கேள்விக்குப் பதில் வந்தது, அதை அதிகாரி எடைபோடவில்லை. மற்றதில் கேள்வி பலமுறை போனது, ஏற்கத்தக்க பதில் வரவில்லை.

தண்டனையை முடிவுசெய்த பிறகும் ஒரு பள்ளம் இருக்கிறது. அனுமதியற்ற வராமைக்கு முன் துறைக்கு இரண்டே வழி என்று 2008-ல் பஞ்சாப் அரசு மருத்துவர் வழக்கில் சொன்னார்கள். விளக்கத்தை ஏற்று, அந்தக் காலத்தை விடுப்பாக முறைப்படுத்தலாம். இல்லையென்றால் ஒழுங்கீனம் என்று விசாரித்துத் தண்டிக்கலாம். நடைமுறையில் நம்மவர்கள் இரண்டையும் ஒரே உத்தரவில் போட்டுவிடுகிறார்கள். நீக்கிவிட்டு, கடைசி வரியில் 'வராத காலம் ஊதியமில்லா விடுப்பாகக் கருதப்படுகிறது' என்று சேர்த்துவிடுகிறார்கள். லீவு கொடுத்துவிட்ட பிறகு வராமை எங்கே இருக்கிறது என்று 1998-ல் பஞ்சாப் காவலர் வழக்கில் கேள்வி எழுந்தது, அங்கே நீக்கம் நிற்கவில்லை. பணிப்பதிவேட்டைச் சரியாக வைக்கத்தான் அந்த வரி, அது குற்றத்தை மன்னிப்பதாகாது என்று 2003-ல் மூன்று நீதிபதிகள் தெளிவுபடுத்தினார்கள். பழக்க தோஷத்தில் எழுதிய ஒரு வரியின் பொருளைத் தீர்மானிக்க உச்ச நீதிமன்றம் வரை போகவேண்டியிருந்தது.

கூட்டமாக வராத விஷயத்தையும் சொல்லியாக வேண்டும். 2003 ஜூலை வேலைநிறுத்தத்தில் தமிழ்நாடு அரசு ஒன்றரை லட்சத்துக்கும் மேற்பட்ட ஊழியர்களையும் ஆசிரியர்களையும் விசாரணையின்றி நீக்கியது. அங்கே காரணம் கேட்கத் தேவையே இல்லை, ஊருக்கே தெரியும். ஆகஸ்ட் 6-ல் உச்ச நீதிமன்றம் அரசு ஊழியருக்கு வேலைநிறுத்த உரிமை சட்டப்படியும் இல்லை, தார்மீகமாகவும் இல்லை என்று கடுமையாகவே எழுதியது. சட்டத்தில் அரசுக்கு இதைவிடப் பெரிய வெற்றி கிடைக்காது. ஆனாலும் பிரச்சினை தீர்ந்தது அந்த வரிகளால் அல்ல. வருத்தம் தெரிவித்து உறுதிமொழி எழுதிக் கொடுப்பவர்களைச் சேர்த்துக்கொள்வதாக அரசு ஒப்புக்கொண்டது, வழக்குப் பதிவானவர்களைத் தனியே பிரித்தது. ஒவ்வொருவரிடமும் ஒரு தாள் வாங்கும் வேலை, கடைசியில் செய்யவேண்டியதாகவே இருந்தது.

விசாரணை என்றாலே ஆண்டுக்கணக்காகும், அதுவரை அந்த நாற்காலி காலி என்பது மிச்சமிருக்கும் ஆட்சேபம். வராமையை விசாரிப்பது லஞ்ச வழக்கை விசாரிப்பது போலல்ல. பதிவேடு, விடுப்பு விண்ணப்பம், மருத்துவச் சான்று, தபால் ஒப்புகை அட்டை, அவ்வளவுதான் சாட்சியம். துறை விசாரணையை ஆறு மாதத்துக்குள் முடிக்க முயல வேண்டும், தவிர்க்க முடியாவிட்டால் ஓராண்டைத் தாண்டக் கூடாது என்று 2015 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. வராமை வழக்குக்கு அந்த ஆறு மாதமே தாராளம். மத்திய அரசின் விடுப்பு விதிகளில் ஐந்தாண்டு வராதவர் ராஜினாமா செய்தவராகக் கருதப்படுவார் என்ற வரி இன்றும் இருக்கிறது. ஆனால் அதன்கீழ், காரணத்தைச் சொல்ல அவருக்கு நியாயமான வாய்ப்புத் தரவேண்டும் என்ற நிபந்தனையும் இருக்கிறது. மாநில விதிகளில் எங்கெல்லாம் முதல் வரி மட்டும் தனியாக நிற்கிறதோ அங்கெல்லாம் இரண்டாவதையும் சேர்ப்பதற்குப் பைசா செலவில்லை.

ஊழியர்களுக்கும் அவர்களின் சங்கங்களுக்கும் ஒரு வார்த்தை. மெமோவுக்குப் பதில் எழுதாமல் இருப்பதை வீரம் என்று யாராவது சொல்லிக்கொடுத்தால் நம்பாதீர்கள். உறையை வாங்க மறுத்தால் என்ன ஆகும் என்பதைப் பார்த்தோம். விசாரணைக்குப் போகாவிட்டால் ஒருதலைப்பட்சமாக முடியும், பிறகு அதை உடைப்பது கடினம். மருத்துவச் சான்றை வேலையில் திரும்பச் சேரும் நாளில் மொத்தமாகக் கொடுக்கலாம் என்று வைத்திருக்காமல், நோய்க் காலத்திலேயே விரைவுத்தபாலில் அனுப்பி ரசீதை வைத்துக்கொள்ள வேண்டும். உத்தரவு வந்த பிறகு முதலில் துறைக்குள் மேல்முறையீடு. அதற்குப் பிறகு மத்திய அரசு ஊழியருக்கு மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். தமிழ்நாட்டு அரசு ஊழியருக்கு, மாநிலத் தீர்ப்பாயம் மூடப்பட்டுவிட்டதால், நேரே உயர் நீதிமன்றம். தீர்ப்பாயத்துக்கு இறுதி உத்தரவிலிருந்து ஓராண்டு காலக்கெடு உண்டு. ரிட் மனுவுக்கு அப்படி எழுதிய கெடு இல்லை என்று சிலர் அசட்டையாக இருந்துவிடுகிறார்கள். குடிநீர் வாரிய வழக்கில் அந்தப் பொறியாளர் நான்கு ஆண்டு தாமதித்து உயர் நீதிமன்றம் போனதும் அவருக்கு எதிராகவே எடுத்துக்கொள்ளப்பட்டது.